பதினோரு விநாடி

உன் முகத்தை வெட்டியவள் நான்தான், வஹ்ராம்.
கீஸா சாலை ஸ்டூடியோவின் பின்கட்டில்,
மின்விசிறி பழுதான அறையில்,
வெள்ளைக் கையுறை போட்டுக்கொண்டு.
படம் நீளம் என்றார் தயாரிப்பாளர்.
யாரைக் குறைக்க, என்றேன்.
டாக்டரை.

அந்த டாக்டர் நீ.
போன படத்தில் தந்தி கொண்டுவந்தவனும் நீ,
அதற்கு முந்தியதில் ஹோட்டல் சர்வர்,
ஒருமுறை தூக்குமேடை ஓரம் கொட்டாவியை அடக்கும் குமாஸ்தா.
ஷுப்ராவிலிருந்து டிராமில் வருவாய்.
வயலின் பெட்டிக்குள் வயலினோடு
ஒரு பொய் மீசையும் படுத்திருக்கும்.
காலையில் மெட்டு, மதியம் மீசை.
மெட்டுக்கு நாற்பது பவுண்டு; பேசிப் பேசி முப்பதாகும்,
அதுவும் அடுத்த மாதம்.
மீசைக்கு மூன்று, கையோடு.

டைட்டிலில் உன் பெயர்
ஒரு படத்தில் ஓரெழுத்துக் குறைவாக வந்தது,
மறு படத்தில் ஒன்று கூடுதலாக.
கணக்கு நேராகிவிட்டது என்றாய்.

நாயகி படிக்கட்டில் இறங்குவாள்,
அவளுக்கு ஒரு படி முன்னால் உன் இசை இறங்கும்.
அதில் கத்தரி வைத்தால் அவள் கால் இடறும்.
ஆக இசை தியேட்டருக்குப் போயிற்று,
முகம் என் கூடையில் விழுந்தது.
பொறுக்கி பிஸ்கட் டப்பாவில் போட்டேன்.
ஏன் என்று கேட்காதே.

ஸ்டூடியோவை அரசாங்கம் எடுத்துக்கொண்ட வருடம்
நடிகர் பிரிவா, இசைப் பிரிவா என்று கேட்டார்கள்.
இரண்டிலும் பாதி என்றாய்.
பாதிக்குப் படிவம் இல்லை.
அலெக்சாண்ட்ரியாவில் பெய்ரூட் கப்பல் ஏறினாய்.
ஒரு கடிதம் வந்தது.

நான் ஓய்வுபெற்ற அன்று மேஜையை ஒழித்தபோது
டப்பா அகப்பட்டது.
இருநூற்று அறுபத்து நான்கு கட்டம். சத்தமில்லை.
டாக்டர் நாடி பிடிக்கிறார்.
உதடு அசைகிறது.
வசனத் தாளில் அங்கே ஒரு வரியும் கிடையாது.
படத்தின் ஐந்து பாட்டையும்
ஒவ்வொன்றாக அதன்மேல் வைத்துப் பார்த்தேன்;
எதுவும் ஒட்டவில்லை.

திரும்ப ஓட்டினேன்.
உன் கட்டைவிரல் நோயாளியின் மணிக்கட்டில்
மூன்றும் நாலுமாய் ஏழு தட்டுகிறது.
யாருக்கும் விற்காத ஏதோ ஒன்று.

சாக வேண்டிய நோயாளி
கண்ணை மூடியபடியே,
ஏழாவது தட்டில்,
சிரித்துவிடுகிறான்.