படிக்கணக்கு

கல்லிடைக்குறிச்சி அரிசி ஆலையில்
ஊதுவிசிறிக்கு ஒரே பேச்சு:
மணிக்கு ஐயாயிரம் கனமீட்டர்.
விடியலிலும் அதுதான்,
உமியடுப்பு கரும்புகை கக்கும்
மத்தியானம் இரண்டு மணிக்கும் அதுதான்.

"மீட்டர் பொய் சொல்லுதோ சார்?"
கண்ணைத் துடைத்தபடி
செபத்தியான் கேட்டார்.

பொய் இல்லை.
அது படியால் அளக்கிறது.
நெருப்பு கையில் தராசு.

களத்தில் நீங்கள் பார்க்காததா,
பதர் போட்டாலும் படி நிறையும்.
சித்திரை வெயிலில் காற்றும் பதர்தான்.

தரையில் கரித்துண்டால் எழுதினேன்.
இருபத்தைந்து டிகிரியில் ஒரு கனமீட்டர்
ஆயிரத்து நூற்று எண்பத்துநாலு கிராம்.
நாற்பதில் ஆயிரத்து நூற்று இருபத்தேழு.
கழித்தேன், ஐயாயிரத்தால் பெருக்கினேன்.
மணிக்கு இருநூற்று எண்பத்தைந்து கிலோ காணோம்.

"நாலு மூட்டைக்குக் கிட்ட," என்றார்.
"லாரியும் வரல, ஒருத்தனும் தூக்கல."

டாம்பரை இரண்டு பல் திறந்தோம்.
புகை வெளுக்க
ஒரு டீ குடிக்கும் நேரம் ஆனது.

"அப்போ ஆனியில சாரக்காத்து வந்தா மூடிரலாம்.
ஈரம், கனமா இருக்கும்லா?"

குளிர்ந்தால் கனம், சரிதான்.
ஆனால் அதே சூட்டில்
ஈரக்காற்று லேசு.
நீராவி உட்கார வந்தால்
அதைவிடக் கனத்தது ஒன்று
எழுந்து போய்விடுகிறது.

அதுவரை எல்லாம் ஒப்புக்கொண்டவர்
இதற்கு மட்டும் எழுந்தார்.
வேர்வையில் ஊறிய துண்டை
மூட்டைத் தராசில் போட்டு
முள்ளைக் காட்டினார்.