ஆறு டிவியிலும் ஒரே படம்

எல் ஆல்தோவின் மின்சாதனக் கடையில்
கண்ணாடிக்குப் பின்னால் ஆறு டிவி ஓடுகிறது.
ஆறிலும் ஒரே படம்.
ஒலி மட்டும் உள்ளேயே இருக்கிறது,
ஹீட்டரோடு.

வெளியே எங்களுக்கு வசனம் பேசுவது அண்ணன் ருஃபினோ.
பகல் முழுக்க மினிபஸ் கதவில் தொங்கி
"சேஹா, சேஹா, பேரெஸ், ஒரு இடம் இருக்கு" என்று
கூவிக் கூவிக் கட்டிப்போன தொண்டை.
அதனால் படத்தில் வரும் அம்மாகூட
ஆளேற்றுகிற குரலில்தான்
பிள்ளைகளைத் தூங்கச் சொல்கிறாள்.

ஏழைக் குடும்பத்துப் படம்.
நாலு பிள்ளைகள், ஒரு தட்டு, மழை.
"ஜன்னலுக்குத் திரையெல்லாம் இருக்கே,
அப்புறம் எப்படி ஏழை?" என்கிறாள் நியேவெஸ்.
எட்டு வயது. எதையும் சும்மா விடமாட்டாள்.
"சினிமா ஏழைடி.
ஷூட்டிங் முடிஞ்சதும் சோறு போடுவாங்க."

பெரியவன் தங்கையைக் கட்டிக்கொண்டு
தோள் குலுங்குகிற இடத்தில்
ருஃபினோ சொன்னான்:
"உன் தலையில பேன். தள்ளிப் படு."
நாங்கள் சிரித்த மூச்சில்
கண்ணாடி வெளுத்துவிட்டது.
துடைப்பதற்குள் ஒரு காட்சி போய்விட்டது.

அம்மா கடல் பக்கம், இகீக்கேயில்,
யாரோ வீட்டுத் தரை துடைக்கிறாள்.
முதல் வெள்ளிக்கிழமை வரவேண்டிய பணம்
இந்த மாதம் மூன்று வெள்ளியாக வரவில்லை.

இந்த ஊர் ரொட்டி
நடுவில் பிளவோடுதான் அடுப்பிலிருந்து வருகிறது,
இரண்டு பேருக்கென்றே சுட்ட மாதிரி.
நாங்கள் மூன்று பேர்.
"பஸ் ஸ்டாண்டிலேயே சாப்பிட்டேன்" என்பான் ருஃபினோ.
பொய் என்று எனக்குத் தெரியும்;
அடுத்த நாள் அதையே நான் சொல்வேன்,
ஸ்டாண்டுக்குப் பதில் பள்ளிக்கூடம்.
ஒருநாள் முறை தவறி
இருவரும் ஒன்றாகச் சொல்லிவிட்டோம்.
முழு ரொட்டியும் தன் முன்னால் வந்ததைப் பார்த்து
நியேவெஸ் கேட்டாள்:
"ஏன், இதுல எலி வாய் வச்சுதா?"

எட்டு மணிக்குக் கடைக்காரர் ஷட்டரை இழுத்தார்.
அப்போது நாலு பிள்ளைகளும்
ஏதோ ரயில் நிலையத்தில் நின்றுகொண்டிருந்தார்கள்.
ரயில் வந்ததா, தெரியாது.
முழங்கால் வரை தெரிந்தார்கள், பிறகு
காலணி மட்டும்.

தலைக்கு மேல் கேபிள் கார்கள்
விளக்கோடு பள்ளத்தில் இறங்கிக்கொண்டிருந்தன.
நடந்துகொண்டே ஆளுக்கொரு முடிவு சொன்னோம்.
ருஃபினோவின் முடிவில் லாட்டரி விழுந்தது.
என்னுடையதில் அம்மா ரயிலிலிருந்து இறங்கினாள்,
பையில் வறுத்த கோழி.
நியேவெஸ் வெகுநேரம் யோசித்தாள்.
"மூத்தவன் திரும்பப் பள்ளிக்கூடம் போயிட்டான்.
அவ்வளவுதான். படம் முடிஞ்சுது."

மார்ச் மாதம் அவன் நோட்டுகளை
பழைய பேப்பர்காரரிடம் எடை போட்டது
அவளுக்குத் தெரியாது என்று நினைத்திருந்தோம்.

ருஃபினோ ஒன்றும் பேசவில்லை.
தெரு முனையில், பஸ்ஸே இல்லாத இருட்டைப் பார்த்து
"சேஹா, சேஹா" என்று இரண்டு முறை கூவினான்.
ஒரு நாய் எழுந்து வந்தது.

மறுநாள் ஆறு டிவியிலும் கால்பந்து.
ருஃபினோவுக்குக் குரல் சுத்தமாகப் போய்விட்டது.
எனவே நியேவெஸ் பேசினாள்.
பந்தைக் கையில் பிடித்த கோல்கீப்பர்
உதைக்காமல் நின்று
பத்துப் பேரையும் கேட்கிறார்:
"யாரெல்லாம் சாப்பிட்டீங்க?
பொய் சொல்லாம கை தூக்குங்க."