சதுர அடைப்புக்குள்

நிமிடத்துக்கு ஒன்றரை டாலர்.
எட்மண்டனில், மில்வுட்ஸ் பக்கம்,
நிலவறையில் உலை உறுமும் சுவருக்கு இந்தப்புறம்
இரவுகளில் நான் படங்களுக்கு எழுத்துப் போடுகிறேன்,
காது கேளாதவர் படிக்க.

பேச்சை எழுதுவது எளிது.
[கதவு தட்டப்படுகிறது]
[குக்கர், மூன்றாம் விசில்]
இதிலும் சிக்கல் இல்லை.
வயலின் எழும்போதுதான் விரல் தயங்கும்.
வரிக்கு முப்பத்திரண்டு எழுத்து, அலங்காரம் ஆகாது,
இது நிறுவனத்தின் விதி.
மேற்பார்வை பார்க்கும் நிரோஷினி
ஒருமுறை போனில் சொன்னாள்:
விவரியுங்கோ. எழுதாதேங்கோ.

ஆகவே நாலாயிரம் தடவையாவது ஒட்டியிருப்பேன்
[சோக இசை]
அப்பன் செத்தாலும் அது
கடை எரிந்தாலும் அது
கன்றுக்குட்டி காணாமல் போனாலும் அதே.

பிப்ரவரியில் ஒரு கடிதம், லெத்பிரிட்ஜிலிருந்து.
வேணுதாசன்.
பெயரில் குழலை வைத்திருப்பவருக்கு
மூன்று வயதில் மூளைக்காய்ச்சல்.
உருளைக்கிழங்கு ஆலையில் இரவு வேலை,
அந்தத் தளத்தில் காதடைப்பான் தேவைப்படாத ஒரே ஆள்.

'நாற்பத்தொன்றாம் நிமிடம்
அவள் பெட்டியோடு வாசலில் நிற்கிறாள்.
சோக இசை என்கிறீர்கள்.
எந்தச் சோகம்?
பேருந்தைத் தவறவிட்டதா,
வந்து நின்ற பேருந்தில் ஏறாததா?'

பன்னிரண்டு முறை ஓட்டிக் கேட்டேன்.
[நனைந்த வயலின்]
அழித்தேன். நனைந்தால் பசை விட்டுப்போகும்.
[ஏதோ விலகிச் செல்கிறது]
எது?
[சுபபந்துவராளி]
கேட்டுப் பழகியவர்க்கு அது வீடு,
அவருக்குத் தெரு இல்லாத முகவரி.
விடிய இரண்டு மணி நேரம் இருக்கையில்
முடியவில்லை என்று அவருக்கே எழுதினேன்.

பதில் மதியமே வந்தது.
'ஓர் எழுத்து எவ்வளவு நேரம் என்பதை
இலக்கணக்காரர் கண்ணிமையை வைத்தும்
விரல் நொடிப்பை வைத்தும் அளந்தார்கள்.
நொடிப்பு எனக்கு எட்டாது.
இமை இரண்டு இருக்கிறது.
நீள்கிறதை நீளமாகவே போடுங்கள்.'

அளபெடை.
பத்தாம் வகுப்பில் இரண்டு மதிப்பெண்.
ஓசை குறையும் இடத்தில்
நெடிலின் பக்கத்தில் அதன் குறில் வந்து
ஒண்டிக்கொள்ளும்.
அதில் ஒன்றுக்கு இசைநிறை என்று பெயர் என்பதையே
மறந்துபோயிருந்தேன்,
இத்தனை வருடம் இசைக்குக் கூலி வாங்கியும்.

[வராஅ
வராஅஅ என்கிறது வயலின்]

அனுப்பினேன்.
'இப்போது ஏதோ நீள்கிறது' என்றார்.
'ஆனால் உங்கள் வரி ஒரு நொடி பிந்தி வருகிறது,
அவள் தோள் அதற்குள் திரும்பிவிட்டது.
அப்புறம், கதவு சாத்தும்போது
எழுத்தை எடுத்துவிடுங்கள்.
அவள் கையைப் பார்க்க வேண்டும் எனக்கு.'

இருபத்துநான்கு சட்டம் முன்னால் நகர்த்தினேன்.
கதவு அசைந்ததும் எடுத்தேன்.
வயலின் அங்கே இன்னும் நான்கு நொடி வாசிக்கிறது.
எனக்குக் கேட்டது.
திரையில் ஒன்றும் இல்லை,
ஒரு கை, தாழ்ப்பாள்,
தாழ்ப்பாளிலேயே நின்றுவிட்ட கை.
தெருவில் பனி வாரும் வண்டி போனது,
கோப்பைத் தேநீர் வட்டம் வட்டமாக நடுங்கியது.
லெத்பிரிட்ஜிலும் அந்த வண்டி போகும்,
அதை அவர் பாதத்தால் கேட்பார்
என்று நினைத்துக்கொண்டேன்.
கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமை நிரோஷினி
சிவப்பில் குறித்து அனுப்பினாள்:
இசை விடுபட்டுள்ளது, நான்கு நொடி.
திருத்தவில்லை.
மாதக் கடைசியில் கணக்கு வந்தது,
பத்துச் சதம் குறைவாக.
பிடித்துக்கொள்ளட்டும்.