வருவோம்

வோரு நூலகத்தின் மாடி, நவம்பர் மாலை.
வாஷிங்டனில் எந்தக் கோப்பு
யார் மேசையில் தூங்கும்,
ஒஹாயோவில் சோயா விலை சரிந்தால்
எந்தக் கப்பல் எந்தக் கடலில் தாமதிக்கும்
என்று விளக்குகிறார் ரஸ்ஸல் ப்ளெவின்ஸ்.
நல்ல மனிதர். பொய் சொல்வதில்லை.
"பொதுவாக" என்பதை மட்டும்
உப்பைப் போல் எல்லாவற்றிலும் தூவுகிறார்.

கண்ணாடிக் கூண்டுக்குள்
அரை வாக்கியம் பின்தங்கி ஓடுகிறேன் நான்.
வரைபடத்தில் அவருடைய சிவப்புப் புள்ளி
ரீகாவிலிருந்து தாலினுக்குப் போகும் வழியில்
எங்கள் ஊரை நிற்காமல் கடந்தது.

இரண்டாம் வரிசையில் வைகே சாலுமே,
விறகு லாரி ஓட்டுபவள்,
கையுறையைக் கழற்றாமலே எழுந்தாள்.
எல்லை அவள் கொட்டகைக்குப் பின்னால்தான்.
"ஒரே கேள்வி. வருவீர்களா?"

அவர் கூரையைப் பார்த்தார்.
பிறகு, வருவோம் என்றார்.
அதற்கு முன் அவர் இழுத்த மூச்சு
என் காதுக்கருவியில் மட்டும் கேட்டது.

எஸ்தோனிய வினைக்கு எதிர்காலம் கிடையாது.
நாளை பனி பெய்கிறது என்போம்.
அடுத்த வருடம் கடன் அடைக்கிறேன் என்போம்.
எனவே சொன்னேன்:
வருகிறோம்.

'வரக்கூடும்' என்றும் ஒன்று இருந்தது.
அந்த மூச்சுக்கு அதுதான் பொருத்தம்.
எடுக்கவில்லை.

வைகே உட்கார்ந்தாள்.
பின்னாலிருந்து ஒருவர் கைதட்டத் தொடங்க
அரங்கம் முழுவதும் சேர்ந்துகொண்டது.
ப்ளெவின்ஸ் திரும்பி
என் கூண்டைப் பார்த்தார்,
அப்படி என்னதான் சொல்லிவிட்டோம் என்று.