கேம் கொப்பி

முதலில் படத்தின் பெயர். பிறகு ஆண்டு.
சொல்லுக்கும் சொல்லுக்கும் இடையில் வெளி இல்லை, புள்ளி.
வெளியைக் கண்டால் கணினி தடுக்கி விழுந்த காலம் ஒன்று இருந்ததாம்.
காலம் போனது, புள்ளி நின்றுவிட்டது.
ஆயிரத்தெண்பது என்பது கோடுகளின் கணக்கு.
புளூரே என்றால் தட்டிலிருந்து உரித்தது,
வெப் என்றால் வலையில் பிடித்தது.
எக்ஸ் இருநூற்று அறுபத்துநாலு, மடித்த விதம்;
சூட்கேசுக்குள் சேலை அடங்குகிற மாதிரி.
ஈற்றில் ஒரு சிறுகோடு.
கோட்டுக்குப் பின்னால், விட்டவன் பெயர்.

"விட்டவன்ர பெயர் கடைசியிலயா?"
என்று சிரித்தா மரிசிலின் அக்கா.
களுபோவில ஆஸ்பத்திரியில் இரவு வேலை முடிந்து
வெள்ளைச் சப்பாத்தோடு நேரே வந்திருந்தா.
வெள்ளவத்தைக் கீழ்த்தளம், எங்கள் கடைக்கு யன்னல் இல்லை;
கரையோர ரயில் போனால் மேசை மட்டும் அறியும்.

"கேம் எண்டால்?"

தியேட்டருக்குள்ள கமெராவை ஒளிச்சுக் கொண்டுபோய்
எடுக்கிறது அக்கா. அது வேண்டாம்.
சத்தம் கிணத்துக்குள்ள இருந்து வரும்,
தலையள் தெரியும், ஆராவது இருமுவினம்.
நல்ல கொப்பி இருக்கு, நாலு ஜீபி,
அதே இருநூறு ரூபாதான்.

"எனக்குக் கேம்தான் வேணும்."

பழசுகளை அழி அழி என்று
நௌசாத் நானா சொல்லிக்கொண்டே இருப்பார்.
என் சோம்பலில் அது தப்பிக் கிடந்தது,
எழுநூறு எம்பீ, பெயரில் ஆறு வருடம் முந்திய ஆண்டு.

"ஐம்பத்திரண்டாம் நிமிஷத்துக்கு விடுங்கோ."

விட்டேன்.
நாயகன் பாதி வசனத்தில் நிற்க
இடதுபக்க மூலையில் ஒரு தலை எழுந்தது.
உயரமான ஆள், காது கொஞ்சம் வெளியே.
கையில் போன் வெளிச்சம்.
நாயகியின் முகத்தைக் குறுக்காகக் கடந்து
சிவப்பு பல்ப் எரிந்த கதவுப் பக்கம் போனது.

"கோல் ஒண்டு கதைச்சிட்டு வாறன் எண்டவர்."

பிறகு ஒரு பகிடிக் காட்சி.
இருட்டு முழுக்கச் சிரித்து ஓய்ந்த பிறகு
ஒருத்தி மட்டும் பிந்திச் சிரித்தாள்.

"அது நான்."

நேர்ஸ்மார் விடுதியில் ஆரோ போட்ட லப்டொப்பில்
தற்செயலாய்க் கண்டவவாம்.
நான் ஒன்றும் கேட்கவில்லை. அவவே சொன்னா:
"முடியுமட்டும் இருந்தனான் தம்பி.
காசு குடுத்த சீட்."

பச்சைப் பட்டை ஊர்ந்தது.
பெயரை மாத்தி வடிவா எழுதித் தரவா என்றேன்.
வேண்டாம், பிறகு தேடேக்க பிடிபடாது என்றா.
கோடுகளுக்கு இடம் இருக்கிறது அந்தப் பெயரில்,
மடிப்புக்கு, மொழிக்கு, ஒலிக்கு.
புரொப்பர் என்று ஒரு சொல்லுக்கும்:
முந்தி வந்தது பிழை, இது திருத்தியது என்று பொருள்.

பென்டிரைவைக் கழுத்து நாடாவில் கோர்த்துக்கொண்டே
கேட்டா: "இதுக்கும் புரொப்பர் வந்ததோ?"

வந்தது அக்கா.
அதில ஒருத்தரும் எழும்பிப் போகேல்ல.