அயிட்டம் எண் 61

கானாடுகாத்தான். பகல் பதினொன்றரை.
தேவகோட்டைக் கோர்ட் அனுப்பிய கமிஷனர் நான்.
பின்னால் குமாஸ்தா சொர்ணலிங்கம்;
அவர் பிடித்த டேப்பின் மறுமுனை
எப்போதும் யாராவது ஒரு பங்காளி கையில்.

சேவுகன், கதிரேசன், வயிரவன், சாத்தப்பன்.
ஒரே வயிற்றில் பிறந்த நாலு பேர்,
நாலு வக்கீல், நாலு சாவிக்கொத்து.
வளவின் மூலைக்கொன்றாய் பிளாஸ்டிக் நாற்காலி.
ஒருவர் தும்மினால்
மற்ற மூவரும் தங்கள் வக்கீலைப் பார்க்கிறார்கள்.

தாம்பாளம் பதினேழு. குத்துப்போணி ஆறு.
எதைத் திருப்பினாலும் அடியில் விலாசம்:
பழ.வீர.அ.
கரண்டியின் கழுத்தில். எச்சில் படிக்கத்தில்கூட.
துப்பும்போதும் குடும்பப் பெயருக்குள்தான்
துப்பியிருக்கிறார்கள்.

அந்த எழுத்துகள்தான் வழக்கே.
மில் நூல்கண்டில் அந்த முத்திரையை
வயிரவன் இனி அச்சிடக் கூடாதென்று
போன பங்குனியில் இடைக்காலத் தடை.
அப்படியானால் அப்பாவின் இனிஷியலைக்
கையெழுத்தில் போடலாமா என்று
அவர் வக்கீல் தனி மனு கொடுத்திருக்கிறார்.
அது இன்னும் நம்பர் ஆகவில்லை.

கார் ஷெட். அறுபத்தொன்று.
கறுப்பு ஆடி.
ஆடியில் நல்ல காரியம் தொடங்காத வீட்டில்
அந்தப் பெயரில் ஒரு கார்,
கூட்டுப் பணத்தில் வாங்கி
நாலு வருஷமாய் நின்ற இடத்தில் நிற்கிறது.
வெள்ளிதோறும் டிரைவர் அயூப்கான் வந்து
ஸ்டார்ட் செய்கிறார், அணைக்கிறார், துடைக்கிறார்.
அவர் சம்பளம் யார் பங்கு என்று
பட்டியலில் இல்லை.

“இந்த வளையத்துக்கு ஒரு கதை இருக்கும்மா.”
டெலிவரிக்குக் காத்திருந்த மதியம்
மெட்ராஸ் ஷோரூம் பையன் சொன்னதாம்.

ஜெர்மனியில் ஓர் எஞ்சினியர்.
ஹார்ச் அவர் பெயர், கம்பெனிக்கும் அதே பெயர்.
கூட்டாளிகளோடு சண்டை. வெளியே வந்தார்.
புதுக் கம்பெனிக்கும் தன் பெயரையே வைத்தார்.
கோர்ட் சொன்னது:
உன் பெயர் உன்னுடையதில்லை.

சிநேகிதர் வீட்டில் உட்கார்ந்து
பெரியவர்கள் மண்டையைக் குடைய,
மூலையில் லத்தீன் வீட்டுப்பாடம் எழுதிய பையன்
தலை தூக்கினான்.
ஹார்ச் என்றால் ‘கேள்’தானே?
அதையே லத்தீனில் சொன்னால்?
ஆடி.

அப்புறம் முப்பத்திரண்டில் ஊரெல்லாம் பணமுடை.
நாலு கம்பெனி ஒன்றாய்ச் சேர்ந்தது.
துரத்திய கம்பெனியும்
துரத்தப்பட்டவர் தொடங்கியதும்
ஒரே சங்கிலியில்.
“ஆனா அவங்கவங்க காருக்கு
அவங்கவங்க பேருதாம்மா.
பேரை யாரும் விட்டுக்குடுக்கலை.”

குனிந்து டேப்பை வைத்தேன்,
அளக்கச் சொல்லி உத்தரவில் இல்லை.
வளையம் நாலு.
ஒன்றின்மேல் ஒன்று ஏறும் மூன்று இடத்தில்
மீன் வடிவில் ஒரு சின்ன வெளி.
இரண்டு வளையத்துக்குள்ளும் இருக்கிற அது
யாருக்கு?
உத்தரவைப் புரட்டினேன்.
கிணற்றுக்குப் பாதை சொல்லியிருக்கிறது.
மச்சுக்குப் படி சொல்லியிருக்கிறது.

விலை மதிப்பு: பார்த்துச் சொல்லப்படும்.
ஓட்டம்: பதினோராயிரத்துச் சொச்சம்.
சின்னம்: சேதமில்லை.

திரும்பி வந்தபோது வளவில்
சாத்தப்பன் மகள் அரையாண்டுத் தேர்வுக்கு
உருப்போட்டுக்கொண்டிருந்தாள், தரையில் குப்புறப் படுத்து,
கால் இரண்டும் காற்றில்.
கேண்மை, நட்பு. கேளிர், உறவினர்.
கேண்மை, நட்பு. கேளிர்...
நிறுத்தினாள்.
“கேள்னா கேக்குறதா, சொந்தமா?”

யாரிடம் என்றில்லாமல்தான் கேட்டாள்.
நாலு நாற்காலியும் என்னைப் பார்த்தன.
நான் பேனாவைப் பார்த்தேன்.

“மேடம், அடுத்தது?”

அறுபத்திரண்டு. மூங்கில் ஏணி. ஒன்று.
யார் வாங்கியதென்று
நாலு பேருக்கும் தெரியவில்லை.