பணியாளர் எண்

மோன்ஃபல்கோனே, தொழிற்சங்க அலுவலகம், வியாழக்கிழமை.
படியேறிய மூச்சு இறங்க
நிவேஸுக்கு ஐந்து நிமிடம் ஆயிற்று.
நான் படிவத்தை எடுத்தேன்.

முதல் கட்டம்: பணியாளர் எண்.

"எனக்கேது?
எஜிதியோவுக்கு இருந்தது, 4417.
காலருக்குள் நான்தான் தைத்தேன், சிவப்பு நூலில்."

கப்பல் தளத்தில் அவன்
குழாய்களுக்கு ஆஸ்பெஸ்டாஸ் சுற்றினான்.
சனிக்கிழமைதோறும் அந்த நீல மேலுடுப்பு வீட்டுக்கு வரும்.
பால்கனியில் நின்று உதறுவாள்.
நிவேஸ் என்றால் பனி.
ஆகஸ்டிலும் உன் வீட்டில் பெய்கிறதே என்று
கீழ்வீட்டுக்காரி கேலி செய்வாளாம்.

தளத்தில் சலவைக்கூடம் கட்டவில்லை.
எதற்குக் கட்ட வேண்டும்?
ஊருக்குள் ஆயிரம் இருந்தன,
ஒவ்வொன்றிலும் ஒருத்தி.
சோப்புகூட அவர்கள் செலவில்லை.

எஜிதியோ செத்தபோது இழப்பீடு வந்தது.
எண் இருந்தது, சேர்ந்த தேதி இருந்தது.
இவளிடம் ஓர் எக்ஸ்ரே,
பழுப்பு உறையில்,
மடியில் கவிழ்த்து வைத்திருந்தாள்.

"அன்பால் செய்தாள் என்று எழுதிவிடாதே.
அன்பு இருந்தது, அது வேறு.
திங்கட்கிழமை அழுக்கோடு போனால்
ஃபோர்மன் திருப்பி அனுப்புவான்.
அதற்காகத்தான் துவைத்தேன்,
முப்பத்தொரு வருடம்."

விதிப்படி அந்தக் கட்டத்தில்
ஒரு கோடு இழுத்து அடுத்ததற்குப் போக வேண்டும்.
பதினாறு பெண்களுக்கு இழுத்திருக்கிறேன்.
என் கையெழுத்து அழகு என்பார்கள்.

இன்று 4417 என்று எழுதினேன்.
கள்ளக் கையெழுத்துப் போடுகிறவள் மாதிரி
வாசலைப் பார்த்துக்கொண்டே.

நிவேஸ் கண்ணாடியை மாட்டிக்கொண்டு
எழுத்துக் கூட்டிப் படித்தாள்.
பிறகு விரலை வைத்துக் காட்டினாள்,
எண்ணுக்குப் பக்கத்தில், காலி இடத்தில்:

"இங்கே எழுது.
ஓவர்டைம் பாக்கி."